ஜன்னலோரப் பெஞ்சு

டங்... டங்... டங்...

வராந்தாவின் கோடியில் தொங்கிய தண்டவாளத் துண்டு அதிர்ந்த அதிர்ச்சியில், வுர்யானியின் கையிலிருந்த சாவிக்கொத்து நழுவித் தரையில் விழுந்தது.

மியூசியத்தை மூடியாயிற்று. கடைசிக் கூட்டம் வேன் ஏறிப் போய் வெகுநேரம் ஆகிறது. காவலாளி பாக் கியோ, அதாவது கியோ ஐயா, வெளி கேட்டருகே குடைக்கடியில் நின்று யாரிடமோ செல்போனில் சிரித்துப் பேசிக்கொண்டிருப்பது சாரலுக்கு நடுவே மங்கலாகத் தெரிந்தது. பிறகு மணி அடித்தது யார்?

சிந்தோரோ மலையிலிருந்து வழக்கம்போல் அந்திப் பனி இறங்கி, ஈரப் புகையிலை வாசனையையும் பக்கத்து வீட்டு அடுப்புப் புகையையும் இழுத்துக்கொண்டு வராந்தாவுக்குள் நுழைந்து, தூண் தூணாகத் தடவிப் பார்த்தபடி நகர்ந்துகொண்டிருந்தது. வுர்யானி மணியருகே போனாள். அடிக்கிற சுத்தியல் ஆணியில் தொங்கிக்கொண்டிருந்தது. ஆடவில்லை. தண்டவாளத்தின் மேல் உள்ளங்கையை வைத்துப் பார்த்தாள். குளிர்ந்த அந்த இரும்புக்குள், பூனையின் தொண்டைக்குள் ஓடுவது போல, ஓர் அதிர்வு இன்னும் ஓடிக்கொண்டிருந்தது.

"கெண்டிஸ்! நீதானே அடிச்சே?"

இரண்டாம் வகுப்பு அறையை எட்டிப் பார்த்தாள். அவள் மகள் ஜன்னலோரப் பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். முதுகு நேராக. இரண்டு கைகளும் மேஜைமேல் மடித்து வைக்கப்பட்டு. ஏழு வயதில் ஒரு நிமிஷம் ஒழுங்காக உட்காரத் தெரியாத பெண், டச்சுக்காரன் காலத்துப் பிள்ளை மாதிரி உட்கார்ந்திருந்தாள்.

"நான் அடிக்கலைம்மா. மணி அடிச்சுச்சு. அதான் கிளாஸுக்கு வந்து உக்காந்துட்டேன்."

முன்பல் விழுந்த சந்தில் ஒவ்வொரு 'ச'வுக்கும் ஒரு சின்ன விசில் வந்தது. வுர்யானிக்கு அந்த விசில் என்றால் உயிர்.

"எந்திரிடி. அது காட்சிப் பொருள். உக்கார்றதுக்கு இல்லை."

"காலையில நீங்கதானே உக்கார வெச்சீங்க?"

வுர்யானி அவள் கையைப் பிடித்து எழுப்பினாள்.

பாடகர் வாலுயோவைத் தெரியாதவர்கள் ஜாவாவில் இல்லை. கல்யாண வீட்டு ஒலிபெருக்கியில், நெடுந்தூர பஸ்ஸில், நோன்பு மாதத்து விடியற்காலை ரேடியோவில் அந்தக் குரல்தான். அதைக் கேட்டு உறங்கிய குழந்தைகள் கோடி. காரணம் தெரியாமல் வீறிட்டு அழுத குழந்தைகளும் உண்டு. அதையெல்லாம் யார் பெரிதாக எடுத்துக்கொண்டார்கள்? அவர் இறந்ததும், காலிசுரென் ஊரில் அவர் படித்த பள்ளிக்கூடத்தை மாவட்ட நிர்வாகம் புதுப்பித்து மியூசியமாக்கியது. முன்கூடத்தில் அவருடைய கறுப்புத் தொப்பி, கோட்டு, மைக். இரண்டாம் வகுப்பு மட்டும் அப்படியே விடப்பட்டது. அதே தேக்கு பெஞ்சுகள், அதே கரும்பலகை. பொறுப்பாளராக வுர்யானி.

அவள் கண்டுபிடித்ததுதான் அந்த வருகைப் பதிவு விளையாட்டு. வந்தவர்களைப் பெஞ்சில் உட்கார வைத்து, பழைய காலத்து டீச்சர் போல உடுத்திக்கொண்டு, மணி அடித்து, அந்தக் காலத்துப் பிள்ளைகளின் பெயர்களைக் கூப்பிடுவாள். தொப்பை வைத்த அதிகாரிகள் கூட எழுந்து நின்று "உள்ளேன் டீச்சர்" என்பார்கள். சிரிப்பு அள்ளும்.

போதவில்லை என்றார், கலாசார அலுவலகத்துப் பாக் பந்த்ரியோ. 'இபு', அதாவது அம்மா, என்று மரியாதையாகத்தான் தொடங்கினார்.

"இபு வுர்யானி, மாகாணத்துலேருந்து ஆள் வர்றாங்க. இங்க பூனைதான் தினம் வந்து போகுதுன்னு அவங்க காதுக்குப் போயிருக்கு. சிரிக்க வெச்சது போதும். அழ வைங்க. இல்லேன்னா அடுத்த வருஷம் இது உருளைக்கிழங்கு குடோன்."

அப்போதுதான் அவளுக்கு அந்தப் பெயர் நினைவுக்கு வந்தது. ஜன்னலோரப் பெஞ்சின் மேஜைப் பலகைக்கு அடியில், குனிந்து பார்த்தால் மட்டும் தெரிகிற மாதிரி, கத்தி முனையால் கோணல்மாணலாகச் செதுக்கிய பெயர்.

ஜகத்பதி.

வாலுயோவின் பிறவிப் பெயர் அது. இரண்டாம் வகுப்பில் அவனுக்குக் கடும் நோய் வந்து, பிழைப்பானோ மாட்டானோ என்று ஆனபோது, பெயரின் கனம் பிள்ளை தாங்கவில்லை என்றார்கள். அந்தப் பக்கத்தில் இது வழக்கம். பழைய பெயரைத் தூக்கிப் போட்டு, சிவப்பும் வெள்ளையுமாகக் கஞ்சி காய்ச்சி ஊருக்குக் கொடுத்து, நோய் தீர்ந்தவன் என்ற அர்த்தத்தில் வாலுயோ என்று வைத்தார்கள். பிள்ளை எழுந்து உட்கார்ந்தான். அதற்கு முன்னால் பாடவே தெரியாதவன், எழுந்ததும் பாடினான். தூக்கிப் போட்ட பெயரை அதன்பின் யாரும் வாயில் எடுக்கக்கூடாது. ஊரில் யாரும் எடுக்கவும் இல்லை.

"வேணாம் இபு," என்றார் பாக் கியோ. "அது போட்ட இடத்துலயே கெடக்கட்டும்."

"அந்த மனுஷனே போயாச்சு பாக். செத்தவன் போட்ட பேரை யாரு வந்து எடுத்துக்கப் போறா?"

காட்சி தொடங்கியதும் கியோ குழாயைத் தூக்கிக்கொண்டு செடிக்குத் தண்ணீர் ஊற்றப் போய்விட்டார். வெளியே மழை கொட்டிக்கொண்டிருந்தது.

அன்று காலை பள்ளிக்கு லீவு போட வைத்து, கெண்டிஸை அந்தப் பெஞ்சில் உட்கார்த்தினாள் வுர்யானி. தலையில் கண்ணை மறைக்கிற கறுப்புத் தொப்பி. முதலில் சுவரிலிருந்த புகைப்படத்தைக் காட்டிக் கதை சொன்னாள். வாலுயோவின் தாய் இதே அறையின் ஜன்னலுக்கு வெளியே, கம்பியைப் பிடித்தபடி நிற்கிற படம்.

"மகன் பெரிய பாடகனாகி ஜகார்த்தா போன பிறகும், இந்த அம்மா சாகற வரைக்கும் தினம் அந்தியில தேக்கிலையில சோறு கட்டி எடுத்துட்டு வந்து, இந்த ஜன்னல்ல வெச்சுட்டு நிப்பாங்களாம். ஏம்மான்னு கேட்டா, 'புள்ள பசியோட இருப்பான்'னு சொல்லுவாங்களாம். அந்தத் தாயோட பாசம் அப்படி."

மாகாணத்து அம்மணி ஒருத்தி கைக்குட்டையை எடுத்தாள்.

பிறகு வருகைப் பதிவு. மூன்று நான்கு பெயர்கள். சிரிப்பு. கடைசியில் வுர்யானி குரலைத் தாழ்த்தினாள்.

"ஜகத்பதி!"

"உள்ளேன் டீச்சர்!" கெண்டிஸ் துள்ளி எழுந்தாள். தொப்பி மூக்குவரை இறங்கியது.

கைதட்டலில் கூரை ஓடு அதிர்ந்தது. பந்த்ரியோ கட்டைவிரலை உயர்த்திக் காட்டினார். வுர்யானியும் சிரித்தாள். ஆனால் மகள் சொல்லி முடித்த மறுகணம், அதே பெஞ்சிலிருந்து, அதே சொற்கள், யாரோ தொண்டை கரகரக்கச் சொன்னது போல இருந்தது. உயரமான கூரை. எதிரொலி. அப்படித்தான் தனக்குச் சொல்லிக்கொண்டாள்.

மகளைத் தரதரவென்று இழுத்துக்கொண்டு கேட்டைத் தாண்டிய அந்த அந்தியிலும் அதையேதான் சொல்லிக்கொண்டாள். எதிரொலி. மணியைக் காற்று அடித்திருக்கும்.

தண்டவாளத்தைக் காற்று அடிக்குமா?

அன்றிரவே கெண்டிஸுக்குக் காய்ச்சல் கண்டது.

சாதாரணக் காய்ச்சல் இல்லை அது. உடம்பு அடுப்புக் கல்லாகக் கொதிக்கும்; பாதம் மட்டும் சில்லென்று இருக்கும். சுகாதார நிலையத்து டாக்டர் ரத்தம் எடுத்தார், திரும்ப எடுத்தார், ஒன்றும் இல்லை என்றார். மாத்திரைக்கு இறங்கிய காய்ச்சல் அந்தித் தொழுகை அழைப்பு கேட்டதும் திரும்ப ஏறியது. ஏறினால் கெண்டிஸ் எழுந்து உட்காருவாள். கைகளைப் போர்வைமேல் மடித்து வைப்பாள். கண் மூடியபடியே முணுமுணுப்பாள்.

"உள்ளேன் டீச்சர். உள்ளேன் டீச்சர்."

வுர்யானியின் புருஷன் தெஜோ, உருளைக்கிழங்கு ஏற்றும் பிக்கப் ஓட்டுகிறவன். எதற்கும் கலங்காத ஆள். மியூசியத்தைப் பற்றிப் பேச்சு வந்தால், "உங்க ஆபீஸ்ல பேய்கூட டிக்கெட் எடுத்துட்டுத்தான் வரணுமாமே" என்று சிரிப்பவன். அவன் சிரிப்பை நிறுத்தி நாளாகிவிட்டது. மகளின் காலைத் தேய்த்துக்கொண்டே சொன்னான்.

"பேரை மாத்திரலாம் வுர்."

"என்னங்க பேசறீங்க? கெண்டிஸ்னா சர்க்கரை. சர்க்கரைக்கு என்ன கனம் இருக்கு?"

"அவ பேர் இல்லை. அவ 'உள்ளேன்'னு சொன்னாளே, அந்தப் பேர். அது அவ தலைமேல ஏறி உக்காந்திருக்கு. அவளுக்கே புதுப் பேர் வெச்சுட்டா, அதுக்கு இவ யாருன்னு தெரியாமப் போயிரும். இறங்கிரும்."

"படிச்சவங்க கேட்டா சிரிப்பாங்க."

"சிரிக்கட்டும். படிச்சவ நீ பண்ண வேலைதானே இது?"

சுருக்கென்றது. ஆனால் அவன் சொன்னதில் பொய் ஏதும் இல்லை. மகளின் உதடு வெடித்திருந்தது. மூச்சு ஒரு கோழிக்குஞ்சின் மூச்சு போல இருந்தது. வுர்யானி எழுந்து போய் அரிசியை ஊற வைத்தாள்.

பனைவெல்லம் போட்டுச் சிவப்புக் கஞ்சி. தேங்காய்ப்பால் விட்டு வெள்ளைக் கஞ்சி. பள்ளிவாசல் பெரியவர் வந்து ஓதினார். அக்கம்பக்கத்துக்கெல்லாம் இலையில் வைத்துக் கொடுத்தார்கள். ரஹாயு என்று மூன்று முறை காதில் சொன்னான் தெஜோ. நலம் என்று அர்த்தம்.

வந்தவர்கள் போனபின் கதவைச் சாத்திவிட்டு, மனைவியின் தோளைப் பிடித்துக்கொண்டான்.

"இனிமே தூக்கத்துலகூட பழைய பேர் வரக்கூடாது. எங்க சித்தப்பா மகனுக்கு இப்படித்தான் மாத்தினாங்க. பெத்தவ ஒருநாள் பாசத்துல பழைய பேரைச் சொல்லிக் கூப்பிட்டுட்டா. மறுநாள் அவன் முழிக்கவே இல்லை. புரியுதா?"

புரிந்தது.

விடிந்தபோது காய்ச்சல் இல்லை. குழந்தை எழுந்து உட்கார்ந்து, "பசிக்குது" என்றது. வுர்யானி அடுப்படியில் தரையில் உட்கார்ந்து சத்தமில்லாமல் அழுதாள். தெஜோ பிக்கப்பில் ஹாரனை அடித்துக்கொண்டே தெருவைச் சுற்றி வந்தான், பைத்தியக்காரன் மாதிரி.

ஆசையாக நூடுல்ஸ் செய்து வைத்தாள். கெண்டிஸுக்கு, இல்லை, ரஹாயுவுக்கு அதுதான் உயிர். குழந்தை அதை விரலால் தொட்டுப் பார்த்தது. முகர்ந்தது. தள்ளி வைத்தது.

"சோளச்சோறு இல்லையா? கருவாடு?"

சோளச்சோற்றைக் கண்டால் மூக்கைப் பிடித்துக்கொள்கிற பெண். நோய் கண்ட வாய், ருசி மாறியிருக்கும் என்று வடித்துப் போட்டாள். இரண்டு தட்டு சாப்பிட்டது. சாப்பிட்டபின் தட்டைக் கழுவிக் கவிழ்த்து வைத்தது.

சொன்ன பேச்சைக் கேட்டது. பெரியவர்கள் எதிரே வந்தால் எழுந்து நின்றது. மெத்தையை விட்டுத் தரையில் பாய் விரித்துப் படுத்தது. பென்சிலைக் கடித்துக் கடித்துத் துப்புகிற பழக்கம் போய்விட்டது. பிளேடால் நுணுக்கமாகச் சீவி, தீர்ந்துவிடுமோ என்று பயப்படுகிறவன் போலப் பிடித்து எழுதியது. எழுத்து அழகாக இருந்தது. ரொம்ப அழகாக. சாய்ந்து, சுழித்து, மியூசியத்துக் கரும்பலகையில் இருக்கிற மாதிரி.

"தங்கமான பொண்ணாயிட்டா," என்றாள் பக்கத்து வீட்டுக்காரி. "எங்க வீட்டுக் குரங்குக்கும் ஒரு பேர் மாத்தி விடேன் வுர்."

வுர்யானி சிரித்தாள். அந்தச் சிரிப்பு பாதியில் நின்றது. முற்றத்தில் குழந்தை தனக்குத்தானே ஏதோ பேசிக்கொண்டிருந்தது. சந்தை, சோறு, சாயங்காலம். 'ச' மேல் 'ச'.

விசில் இல்லை.

போய் முகவாயைப் பிடித்து வாயைத் திறக்கச் சொன்னாள். முன்பல் சந்து அப்படியே இருந்தது. புதுப்பல் முளைக்கவில்லை. ஈறு கூடத் தடிக்கவில்லை.

"சர்க்கரைன்னு சொல்லு."

"சர்க்கரை," என்றது குழந்தை. தெளிவாக. அவள் கண்ணையே பார்த்துக்கொண்டு.

மியூசியத்தில் கூட்டம் பெருகியிருந்தது. மாகாணத்துக்காரர்கள் போய்ச் சொல்லி, பஸ் பஸ்ஸாகப் பள்ளிப் பிள்ளைகள் வந்தார்கள். வுர்யானி வருகைப் பதிவிலிருந்து அந்தப் பெயரை எடுத்துவிட்டாள். ஜன்னலோரப் பெஞ்சுக்குக் குறுக்கே கயிறு கட்டிவிட்டாள். பந்த்ரியோ முகத்தைச் சுளித்தார். சுளிக்கட்டும்.

ஆனாலும் காலையில் அறையைத் திறக்கும்போதெல்லாம், அந்தப் பெஞ்சின் மேல் ஒரு பென்சில் கிடந்தது. முதல் நாள் அதை எடுத்துக் குப்பையில் போட்டாள். மறுநாளும் கிடந்தது. எடுத்துப் பார்த்தாள். பின்முனை கடிபட்டுச் சிதைந்திருந்தது. சின்னப் பல் தடங்கள். நடுவில் ஒரு பல்லுக்கு இடைவெளி.

ஈரமாக இருந்தது.

யாராவது பள்ளிப் பிள்ளை விட்டுப் போயிருக்கும். அப்படித்தான் இருக்கும். பூட்டின அறைக்குள் வேறு எப்படி?

அந்த அந்தியிலும் மழைதான். கடைசி பஸ் போயிற்று. ஒலிபெருக்கியில் வாலுயோவின் பாட்டை நிறுத்தியதும் கட்டடத்தின் மேல் அமைதி ஈரத்துணி போல விழுந்தது. ஓட்டிலிருந்து சொட்டுகிற சத்தம். எங்கோ தவளை. பாக் கியோ வராந்தாவில் நின்று தொப்பியை உதறினார்.

"பாப்பாவுக்கு உடம்பு தேவலைதானே இபு? இன்னைக்கு ஒரே பேச்சு. மதியம் நீங்க சாப்பிடப் போனப்பகூட கிளாஸ்ல தனியா உக்காந்து தொணதொணன்னு பேசிட்டே இருந்துச்சு. அந்த விசில் சத்தம் இருக்கே, எனக்கே சிரிப்பு வந்துருச்சு."

"அவ இன்னைக்கு இங்க வரவே இல்லையே பாக்."

கியோ அவளைப் பார்த்தார். "கேட்டுகிட்ட இருக்கேன் இபு," என்று சொல்லிவிட்டு, திரும்பிப் பார்க்காமல் மழையில் நடந்தார்.

அப்போது வாசலில் பிக்கப் வந்து நின்றது. தெஜோ தலையை மட்டும் நீட்டிக் கத்தினான். "இவளை ஒரு நிமிஷம் பாத்துக்க வுர்! மூட்டையை இறக்கிட்டு ஓடி வந்துடறேன்! உன்னைப் பாக்கணும்னு ஒரே அடம்!"

காய்ச்சலுக்குப் பிறகு குழந்தை இங்கே வருவது அதுவே முதல் தடவை.

வராந்தாவில் ஏறியது. செருப்பைக் கழற்றி ஓரமாக ஜோடி சேர்த்து வைத்தது. அம்மாவைப் பார்க்க அடம்பிடித்த குழந்தை, அம்மாவைத் தாண்டி நடந்தது. முன்கூடத்துக் கோட்டையும் மைக்கையும் ஏறெடுத்துப் பார்க்கவில்லை. வழி தெரிந்தது போல நேரே இரண்டாம் வகுப்புக்குள் போயிற்று. புகைப்படத்தின் முன்னால் நின்றது.

ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நிற்கிற அந்தத் தாய்.

குழந்தை கால்விரலில் எம்பியது. கண்ணாடிக்குமேல், அந்தத் தாயின் கை இருக்கிற இடத்தில், தன் இரண்டு கைகளையும் வைத்தது. குனிந்து நெற்றியைப் பதித்தது. வீட்டுக்கு வந்ததும் பிள்ளைகள் பெற்றவள் கையை எடுத்து நெற்றியில் ஒற்றிக்கொள்வார்களே, அப்படி. அப்படியே வெகுநேரம் நின்றது. கண்ணாடி ஆவியில் மங்கியது.

"ரொம்ப இளைச்சுட்டாங்க," என்றது.

"யாரு?"

குழந்தை முகத்தைத் துடைத்துக்கொண்டு திரும்பியது. கயிறு கட்டிய ஜன்னலோரப் பெஞ்சைப் பார்த்தது. பார்த்த வேகத்தில் கண்ணை எடுத்துக்கொண்டது. ஜெயிலிலிருந்து வெளியே வந்தவன் ஜெயில் கதவைப் பார்க்கிற மாதிரி.

"போலாம்மா. இங்க இருக்க வேணாம். இருட்டிருச்சுன்னா மணி அடிச்சுரும்."

வுர்யானி அறையைப் பூட்டப் போனாள். சாவி துவாரத்தில் சேரவில்லை. மறுபடி செருகிப் பூட்டினாள். குழந்தையின் கையைப் பிடித்துக்கொண்டு வராந்தாப் படி இறங்கினாள். சின்னக் கை. சூடான கை. அவள் பெற்ற கை. விரலிடுக்கில் அதே மச்சம்.

பனி கேட்டை மறைத்திருந்தது. பள்ளிவாசலிலிருந்து தொழுகை அழைப்பு எழுந்தது.

டங்... டங்... டங்...

குழந்தையின் பிடி இறுகியது.

"திரும்பாதீங்கம்மா."

திரும்பினாள். கையை உதறிக்கொண்டு ஓடினாள். மணிப்பக்கம் போகவில்லை. சுவரை ஒட்டிச் சுற்றிக்கொண்டு, சேற்றில் வழுக்கி, எழுந்து, ஜன்னலுக்குப் போனாள். வெளிப்பக்கத்து ஜன்னல். கம்பியைப் பிடித்தாள். கம்பியில் ஓரிடம் மட்டும் தேய்ந்து வழவழவென்றிருந்தது. யாரோ வருஷக்கணக்காகப் பிடித்துப் பிடித்துத் தேய்த்த இடம். அவள் கை அதில் சரியாகப் பொருந்தியது.

அப்போது புரிந்தது.

மகன் பெரிய பாடகனாகி ஜகார்த்தா போய்விட்டான். வாலுயோ போய்விட்டான். அந்தத் தாய் சோறு கட்டிக்கொண்டு வந்தது அவனுக்கு இல்லை.

*புள்ள பசியோட இருப்பான்.*

பெயரைத் தூக்கிப் போடவில்லை. ஒருவரும் பெயரைத் தூக்கிப் போடவில்லை. பெயரோடு பிள்ளையையே இந்தப் பெஞ்சில் போட்டுவிட்டுப் போயிருந்தார்கள்.

உள்ளே இருட்டு. கரும்பலகை தெரியவில்லை. பெஞ்சுகள் தெரியவில்லை. ஜன்னலோரம் மட்டும் ஒரு பிடி வெளிச்சம். கயிறு அவிழ்ந்து தரையில் கிடந்தது. பெஞ்சில் யாரும் இல்லை. மேஜையில் தூசி. தூசியில் மடித்து வைத்த இரண்டு சின்னக் கைகளின் தடம். அவள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே ஒரு தடம் நகர்ந்தது.

பென்சில் உருண்டது.

நறுக். நறுக். கடிக்கிற சத்தம்.

வுர்யானியின் வாய் திறந்தது. பெயர் தொண்டை வரை வந்தது. சர்க்கரை என்று அர்த்தம் வருகிற பெயர். ஒரே ஒரு தடவை. சொன்னால் இங்கே எழுந்து ஓடி வருவாள்.

சொன்னால் அங்கே, நாளை அந்த உடம்பு விழிக்காது. விழிக்காத உடம்புக்கு எங்கே திரும்புவாள்?

பல்லைக் கடித்துக்கொண்டாள். உதட்டில் ரத்தம் உப்புக் கரித்தது. பின்னாலிருந்து ஒரு சின்னக் கை வந்து அவள் கையைப் பற்றியது. மெல்ல இழுத்து, பணிவாக, தன் நெற்றியில் ஒற்றிக்கொண்டது.

"வீட்டுக்குப் போலாம்மா. ரொம்ப வருஷமாப் பசிக்குது."

அவள் நகரவில்லை. கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள், புகைப்படத்தில் நிற்பது போலவே. பனி அவள் முதுகில் ஏறிக்கொண்டிருந்தது.

உள்ளே, காலியான பெஞ்சிலிருந்து, பல் விழுந்த சந்தில் விசிலடித்துக்கொண்டு அந்தக் குரல் கேட்டது.

"தினம் எல்லார் பேரையும் சொல்றீங்களேம்மா... என் பேரை மட்டும் ஏன் சொல்லவே மாட்டேங்கறீங்க?"